எட்ஜர் பெல்ட் அறுந்துபோனால்: கம்பெனி பெல்ட்டா, வெளி பெல்ட்டா, கடைக்காரரா, பேட்டரி மெஷினா?

மே மாதம் பிறந்தால் போதும், டெக்ஸாஸ் பக்கம் வீடு வாங்கியிருக்கும் நம்மவர்களிடமிருந்து இந்தக் கேள்வி வரத் தொடங்கிவிடும். பெட்ரோலில் ஓடும் பழைய எட்ஜர், அதாவது புல்தரை ஓரத்தை நடைபாதையை ஒட்டி நேராக வெட்டும் மெஷின். இன்ஜின் நன்றாக ஸ்டார்ட் ஆகிறது. ஆனால் லீவரைத் தள்ளினால் பிளேடு சுற்றவில்லை, அல்லது மண்ணைத் தொட்ட நொடியில் நின்றுவிடுகிறது. பக்கவாட்டு மூடியைக் கழற்றினால் உள்ளே கருப்புத் தூளும் அறுந்த பெல்ட்டும்.

அடுத்து போனை எடுத்துத் தேடுகிறோம். மெஷினைச் செய்த கம்பெனியின் பெல்ட் 30 டாலர் காட்டுகிறது. அதே அளவு என்று சொல்லிக்கொள்ளும் இன்னொன்று 10 டாலருக்குக் கிடைக்கிறது. ரிப்பேர் கடையில் கேட்டால் கூலியோடு 100 டாலருக்கு மேல் ஆகும் என்கிறார்கள். அப்படியென்றால் இன்னும் கொஞ்சம் போட்டு பேட்டரி எட்ஜரே வாங்கிவிடலாமே என்று வீட்டில் ஒரு குரல். இங்கேதான் எல்லோரும் மாட்டிக்கொள்கிறார்கள்.

என் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இன்ஜின் நன்றாக இருந்து, பிளேடு ஷாஃப்ட்டின் பேரிங்கும் சரியாக இருந்தால், பெல்ட்டை நீங்களே மாற்றுங்கள். மாடல் நம்பரை வைத்துக் கம்பெனி பெல்ட் கிடைத்தால் அது. கிடைக்காவிட்டால் அதே அளவில், உள்ளே நீளாத கெவ்லார் நூலும் வெளியே துணி உறையும் உள்ள பெல்ட். மற்ற வழிகளுக்கும் சில இடங்களில் நியாயம் உண்டு. அவை எந்த இடங்கள் என்பதற்காகத்தான் இவ்வளவும் எழுதுகிறேன்.

## எதை வைத்து முடிவெடுப்பது

விலையை வைத்துத் தொடங்கினால் தப்பான பெல்ட்டில்தான் போய் நிற்போம். நான் பார்க்கும் வரிசை வேறு.

முதலாவது, கிளட்ச். சக்கரம் வைத்துத் தள்ளும் எட்ஜர்களில் பெரும்பாலும் தனியாகக் கிளட்ச் கிடையாது. பெல்ட்டேதான் கிளட்ச். சில மாடல்களில் லீவரைத் தூக்கும்போது இன்ஜின் புல்லிக்கும் (பெல்ட் ஓடும் பள்ளச் சக்கரம்) பிளேடு புல்லிக்கும் உள்ள தூரம் குறைந்து பெல்ட் தளர்கிறது. வேறு சிலவற்றில் ஒரு சின்ன ஐட்லர் புல்லி வந்து பெல்ட்டை அழுத்தி இறுக்குகிறது, விட்டால் தளர்கிறது. இரண்டிலும் விஷயம் ஒன்றுதான்: லீவர் விட்ட நிலையில் இன்ஜின் புல்லி ஓடிக்கொண்டே இருக்கும், பெல்ட் அதன் மேல் வழுக்கிக்கொண்டு சும்மா நிற்க வேண்டும். அப்படி வழுக்கத் தெரியாத பெல்ட்டைப் போட்டால், நீங்கள் நிறுத்தியதாக நினைக்கும் பிளேடு நிற்காது. ஒன்பது இன்ச் இரும்புத் தகடு காலுக்குப் பக்கத்தில் சுற்றும் மெஷின் இது. அதனால்தான் இதை முதலில் வைக்கிறேன்.

இரண்டாவது, அளவு. எட்ஜரில் இருப்பது வி-பெல்ட், குறுக்கே பார்த்தால் கீழே குறுகிய ஆங்கில V வடிவம். அதன் பக்கங்கள்தான் புல்லியின் பள்ளத்தில் ஆப்பு மாதிரி இறுகி இழுக்கின்றன. அடிப்பாகம் பள்ளத்தின் தரையைத் தொடவே கூடாது. எட்ஜர்களில் அதிகம் இருப்பது மேல் அகலம் அரை இன்ச் உள்ள பெல்ட். சிறிய மெஷின்களில் 3/8 இன்ச். நீளத்தில் அரை இன்ச் கூடினால் வேலையின்போது வழுக்கும். அரை இன்ச் குறைந்தால் தளரவே தளராது. எட்ஜரில் சரிசெய்துகொள்ள இடம் மிகக் குறைவு.

மூன்றாவது, உங்கள் புல். ஹூஸ்டன் பக்கம் செயின்ட் அகஸ்டின், டல்லாஸ் பக்கம் பெர்முடா. இரண்டும் கொடி விட்டு நடைபாதை மேல் ஊர்ந்து வரும் வகை. கோடையில் இரண்டு வாரம் விட்டால் சிமெண்ட் ஓரம் மறைந்துவிடும். அதுவும் களிமண் நிலம்; காய்ந்தால் பிளேடு இறங்காது, நனைந்தால் கவசத்துக்குள் அப்பிக்கொள்ளும். இங்கே எட்ஜர் உண்மையாகவே உழைக்கிறது. நியூ ஜெர்சியிலோ ஒன்டாரியோவிலோ டால் ஃபெஸ்க்யூ போட்ட தரை என்றால் அது குத்தாக வளரும், ஓரத்தைத் தாண்டி அவ்வளவாக ஓடாது. வருடத்துக்கு நாலைந்து முறைதான் எட்ஜரை எடுப்பீர்கள். இந்த இருவருக்கும் ஒரே பதில் சொல்ல முடியாது.

நான்காவது, மெஷினில் இன்னும் எவ்வளவு உயிர் இருக்கிறது என்பது. கார்புரேட்டர் அடைப்பு, பேரிங் சத்தம், துருப்பிடித்த பிளேடு கவசம் எல்லாம் சேர்ந்திருந்தால் பெல்ட் முதல் செலவு மட்டுமே.

கடைசியாக, மொத்தச் செலவு. பெல்ட்டின் விலையோடு தபால் செலவு, தப்பான அளவு வந்தால் திருப்பி அனுப்பும் அலைச்சல், மறுபடி கழற்றும் நேரம் எல்லாவற்றையும் சேர்த்துத்தான் கணக்குப் போட வேண்டும்.

## பணம் கொடுக்கும் முன் பழைய பெல்ட்டைப் பாருங்கள்

இதைச் செய்யாமல் புது பெல்ட் வாங்குகிறவர்கள்தான் அடுத்த மாதமே இன்னொரு பெல்ட் வாங்குகிறார்கள். அறுந்த பெல்ட்டைக் குப்பையில் போடாமல் வெளிச்சத்தில் வைத்து, ஒரு சுற்று முழுக்கத் தடவிப் பாருங்கள்.

பக்கங்கள் கண்ணாடி மாதிரி பளபளத்து வழுவழுவென்று இருந்தால், அது நெடுநாளாக வழுக்கியே ஓடியிருக்கிறது. டென்ஷன் (பெல்ட்டின் இறுக்கம்) போதவில்லை, அல்லது லீவரை முழுதாகத் தள்ளாமல் ஓட்டியிருக்கிறார்கள். ஒரே ஓர் இடத்தில் மட்டும் கருகிக் குழிந்திருந்தால், பிளேடு எங்கோ சிக்கி நின்றபோது பெல்ட்டும் நின்றுவிட்டது, இன்ஜின் புல்லி மட்டும் அந்த இடத்தையே தேய்த்துக்கொண்டிருந்தது என்று அர்த்தம். கல்லிலோ சிமெண்ட் விளிம்பிலோ பிளேடு மாட்டியிருக்கலாம். பேரிங் இறுகியும் இருக்கலாம். ஒரு பக்கம் மட்டும் நூல் நூலாகப் பிரிந்திருந்தால் இரண்டு புல்லிகளும் ஒரே நேர்கோட்டில் இல்லை. அடியில் குறுக்குக் குறுக்காக வெடிப்பு என்றால் வயதும் சூடும். அது இயல்பான சாவு. பெல்ட் உப்பி, பிசுபிசுவென்று இருந்தால் எண்ணெய் பட்டிருக்கிறது. இன்ஜின் ஷாஃப்ட்டின் சீல் கசிகிறதா என்று பாருங்கள், ஏனென்றால் அதைச் சரிசெய்யாமல் எந்த பெல்ட் போட்டாலும் நிற்காது.

அப்புறம் ஸ்பார்க் பிளக் வயரைப் பிடுங்கி ஓரமாக வைத்துவிட்டு, கனமான கையுறை போட்டுக்கொண்டு பிளேடைக் கையால் சுற்றுங்கள். சத்தமில்லாமல், தடையில்லாமல் சுற்ற வேண்டும். கரகரவென்றாலோ மேலும் கீழும் ஆடினாலோ பேரிங் போய்விட்டது. இரண்டு புல்லிகளின் பள்ளத்திலும் விரல் விட்டுத் தடவிப் பாருங்கள். துரு சொரசொரத்தால் உப்புத்தாள் போட்டு லேசாகத் தேய்த்துவிடலாம். பள்ளத்தின் தரை பளபளவென்று மின்னினால், பெல்ட் கீழே இறங்கி அடியில் ஓடியிருக்கிறது. பெல்ட் மெலிந்துபோயிருக்க வேண்டும், அல்லது புல்லியே தேய்ந்திருக்க வேண்டும். புல்லி தேய்ந்திருந்தால் அதையும் சேர்த்து மாற்றுங்கள்.

## வழி 1: கம்பெனி பெல்ட்

அளவு, உறை, உள்நூல் எல்லாம் அந்த மெஷினுக்கென்றே தேர்ந்தெடுத்தது. கிளட்ச் விஷயத்தில் யோசிக்கவே வேண்டாம். விலை பெரும்பாலும் 20 முதல் 35 டாலர், தபால் தனி.

சிக்கல் எங்கே என்றால், சரியான நம்பரைக் கண்டுபிடிப்பதில். இன்ஜின் மேல் பிரிக்ஸ் அண்ட் ஸ்டிராட்டன் என்று பெரிதாக எழுதி ஒரு நம்பர் இருக்கும். பலரும் அதை வைத்துத்தான் பெல்ட் தேடுகிறார்கள். அது இன்ஜினின் நம்பர்; அதை வைத்து ஏர் ஃபில்டரும் ஸ்பார்க் பிளக்கும் வாங்கலாம், பெல்ட் வாங்க முடியாது. பெல்ட்டுக்கு வேண்டியது மெஷினின் நம்பர். அது சட்டத்தின் பின்புறமோ கைப்பிடி சேரும் இடத்திலோ ஒரு தகட்டிலோ ஸ்டிக்கரிலோ இருக்கும். மண் அப்பியிருக்கும், ஈரத் துணியால் துடைத்தால் தெரியும்.

கிராஃப்ட்ஸ்மேன் எட்ஜர் வைத்திருப்பவர்களுக்கு ஒரு கூடுதல் தகவல். அந்தப் பெயரில் விற்ற சியர்ஸ் கடை எதையும் சொந்தமாகச் செய்யவில்லை. வேறு கம்பெனிகளிடம் செய்து வாங்கித் தன் பெயரைப் போட்டது. மாடல் நம்பரின் முதல் மூன்று எண்களில் செய்தவர் யார் என்பது இருக்கிறது. 247 என்று தொடங்கினால் எம்.டி.டி., 536 என்றால் மர்ரே. எம்.டி.டி. மெஷின் என்றால் கவலை குறைவு. அதன் பெல்ட் நம்பர்கள் 754 அல்லது 954 என்று தொடங்கும்; பின்னால் வரும் எண்கள் ஒன்றாக இருந்தால் இரண்டும் ஒரே பெல்ட்தான். பழைய புத்தகத்தில் 754 போட்டிருந்து கடையில் 954 கிடைத்தால் தயங்காமல் வாங்கலாம். மர்ரே கதை வேறு. அந்தக் கம்பெனி 2004-ல் திவாலாகி, 2005-ல் இன்ஜின் கம்பெனியான பிரிக்ஸ் அண்ட் ஸ்டிராட்டன் கையில் போனது. அந்தக் காலத்து எட்ஜர்களுக்குப் பாகம் தேடும்போது "தயாரிப்பு நிறுத்தப்பட்டது" என்ற வரியைப் பார்க்க நேரிடலாம். கிராஃப்ட்ஸ்மேன் பெயரே 2017-ல் ஸ்டான்லி பிளாக் அண்ட் டெக்கரிடம் போய்விட்டது. அதனால் இன்று அந்தப் பெயரில் கடையில் இருக்கும் மெஷினையும் உங்கள் கராஜில் இருக்கும் மெஷினையும் ஒன்றாக நினைத்துப் பாகம் கேட்காதீர்கள்.

மறைந்திருக்கும் செலவு காத்திருப்புதான். கடையில் இருப்பில் இல்லாவிட்டால் ஒரு வாரம், பத்து நாள் ஆகும். ஜூன் மாதத்தில் அந்தப் பத்து நாளில் ஓரம் காடாகிவிடும். ஹெச்.ஓ.ஏ.விடமிருந்து (குடியிருப்போர் சங்கம்) கடிதம் வரும் வீடாக இருந்தால் அதையும் கணக்கில் சேருங்கள்.

இது யாருக்கு: மெஷின் நம்பர் தெளிவாகத் தெரிந்து, பாகம் இன்னும் விற்பனையில் இருப்பவர்களுக்கு. முதல்முறையாகக் கையில் ஸ்பேனர் எடுப்பவர்களுக்கும் இதையே சொல்வேன். அளவில் தப்பு நடக்க வாய்ப்பில்லாதபோது வேலை பாதியாகக் குறைந்துவிடுகிறது.

## வழி 2: துணி உறை போட்ட கெவ்லார் பெல்ட்

தோட்டக் கருவிகளுக்கென்றே வெளிக் கம்பெனிகள் செய்யும் பெல்ட் இது. உள்ளே இழுவிசையைத் தாங்கும் நூல் அராமிட் இழை. டூபாண்ட் நிறுவனத்தில் 1965-ல் ஸ்டெஃபனி குவாலெக் கண்டுபிடித்து, பின்னால் குண்டு துளைக்காத அங்கிகளில் போட்ட அதே கெவ்லார். வெளியே சுற்றிலும் துணி உறை. நமக்கு வேண்டியது இரண்டும்தான்: நூல் நீளாது, உறை வழுக்க விடும். கேட்ஸ் கம்பெனியின் பச்சை நிற பவர்ரேட்டட் பெல்ட் இந்த வகை. விலை சுமார் 10 முதல் 20 டாலர்.

இதை வாங்க அளவு மொழி கொஞ்சம் தெரிய வேண்டும். 4எல்300 என்றால் மேல் அகலம் அரை இன்ச், வெளிச்சுற்று நீளம் 30.0 இன்ச். 3எல் என்றால் அகலம் 3/8 இன்ச். கேட்ஸின் பச்சை பெல்ட்டில் இதையே 6830 என்று போடுவார்கள். 68 அரை இன்ச்சைக் குறிக்கும், 30 நீளம். ஏ28 என்ற நம்பரைக் கண்டு குழம்ப வேண்டாம். அந்த வரிசையில் எண் உள்சுற்று நீளம். அதோடு இரண்டு இன்ச் கூட்டினால் வெளிச்சுற்று 30 வந்துவிடும்.

பழைய பெல்ட்டின் முதுகில் நம்பர் அழியாமல் இருந்தால் அதையே நம்புங்கள். அழிந்துபோயிருந்தால் அளக்கத்தான் வேண்டும். அறுந்த பெல்ட்டைத் தரையில் நேராகப் படுக்கவைத்து, மேல் பக்கத்தோடு டேப் பிடித்து அளக்கலாம். ஆனால் பழைய பெல்ட் நீண்டிருக்கும், அதன் அகலமும் தேய்ந்து குறைந்திருக்கும். ஆகவே அளவு 30 3/8 என்று வந்தால் வாங்க வேண்டியது 30, முப்பத்தொன்று அல்ல. அகலத்தை பெல்ட்டில் அளப்பதைவிடப் புல்லியின் வாயில் அளப்பது நல்லது. சரியான பெல்ட் புல்லி விளிம்புக்குச் சமமாகவோ மயிரிழை மேலாகவோ உட்காரும். 3/8 இன்ச் பெல்ட்டை அரை இன்ச் பள்ளத்தில் போட்டால் அடியில் போய் உட்கார்ந்து வழுக்கும். மாற்றிப் போட்டால் மேலேயே நின்று ஓரம் கிழியும்.

மறைந்திருக்கும் செலவு இரண்டு. நீளாத நூல் என்பதால் அளவு கச்சிதமாக இருந்தே ஆக வேண்டும். சாதாரண பெல்ட் ஓட ஓடக் கொஞ்சம் இளகிக் கொடுக்கும், இது கொடுக்காது. இரண்டாவது, கெவ்லார் இழைக்கு மடிப்பு ஆகாது. கூர்மையாக மடக்கிக் கட்டி உறைக்குள் திணித்து அனுப்பிய பெல்ட் வந்தால், முதுகில் மடிப்புத் தழும்பு இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் திருப்பி அனுப்புங்கள். அந்த இடத்தில்தான் பின்னால் அறும்.

இது யாருக்கு: மர்ரே போலப் பாகம் நின்றுபோன மெஷின் வைத்திருப்பவர்களுக்கும், செயின்ட் அகஸ்டினோடும் களிமண்ணோடும் போராடி அதிகம் ஓட்டுபவர்களுக்கும். என் சொந்தத் தேர்வும் இதுதான்.

## வழி 3: ஹார்ட்வேர் கடையின் சாதாரண 4எல் பெல்ட்

விலை 7 முதல் 12 டாலர், இன்றைக்கே கிடைக்கும், அளவு முறையும் அதேதான். உள்ளே பாலியெஸ்டர் நூல். இவை ஃபேன், கம்ப்ரசர் போன்ற, ஒரே சீராக ஓடும் சின்ன மோட்டார்களுக்காகச் செய்தவை. உறை இருந்தால் எட்ஜரில் ஓடும், ஆனால் திரும்பத் திரும்ப வழுக்கி இறுகும் வேலைக்கு ஆயுள் குறைவு. கொஞ்சம் நீளவும் செய்யும், முதல் சில தடவைக்குப் பிறகு டென்ஷனைத் திரும்பப் பார்க்க வேண்டும்.

வருடத்துக்கு நாலு முறை ஓட்டும் நியூ ஜெர்சிக்காரருக்கு இது போதும். இல்லையென்றால் சனிக்கிழமை அவசரத்துக்கு இதைப் போட்டு ஓட்டிவிட்டு, கெவ்லார் பெல்ட்டுக்கு ஆர்டர் கொடுத்து வையுங்கள்.

## கார் பெல்ட்டும் கண்ணி பெல்ட்டும் வேண்டாம்

கார் பாகக் கடையில் அதே அகல, நீளத்தில் ஃபேன் பெல்ட் கிடைக்கும். பார்க்க இன்னும் உறுதியாகவும் இருக்கும், அடியில் பல் வெட்டியிருக்கும். அதன் பக்கங்களில் துணி உறை கிடையாது. வெட்டிய ரப்பர் அப்படியே தெரியும். காரில் அது எப்போதும் இறுக்கமாக, வழுக்காமல் ஓட வேண்டும், அதற்காகச் செய்தது. எட்ஜரில் அந்த ரப்பர் புல்லியைக் கவ்விக்கொள்ளும், விடாது.

எங்கள் தெருவில் ஓர் அண்ணன் வீட்டில் இதைக் கண்ணால் பார்த்தேன். லீவர் மேலேதான் இருந்தது, பிளேடு தரையைத் தொடவில்லை. கயிற்றை இழுத்தார். இன்ஜின் பிடித்த அதே நொடியில் பிளேடும் சுற்றத் தொடங்கிவிட்டது. பக்கத்துச் செங்கல் வரம்பில் உரசிப் பொறி பறந்து, மெஷின் அவர் முழங்காலை நோக்கித் துள்ளியது. நல்லவேளை, அவர் பிடியை விடவில்லை, இன்ஜினை அணைத்துவிட்டார். மூடியைத் திறந்து பார்த்தால் பல் வெட்டிய கார் பெல்ட்.

சின்னச் சின்னத் துண்டுகளைக் கோத்து வேண்டிய நீளத்துக்குச் சேர்த்துக்கொள்ளும் கண்ணி பெல்ட்டையும் சிலர் சொல்கிறார்கள். எதையும் கழற்றாமல் மாட்டிவிடலாம், அளவுக் கவலை இல்லை என்பது அதன் கவர்ச்சி. மர அறுவை மெஷினில் அது நன்றாகவே வேலை செய்கிறது. இங்கே வழுக்கி நிற்கும்போது அந்தத் துண்டுகளின் முனைகள் புல்லியில் மாட்டி இழுக்கும், பிய்ந்தும் போகும். 10 டாலருக்குச் சரியான பெல்ட் கிடைக்கும்போது இந்த இரண்டுக்கும் போக ஒரு காரணமும் இல்லை.

வழுக்குகிறது என்று பெல்ட்டில் ஸ்பிரே அடிக்கும் பழக்கத்தையும் இதோடு சேர்த்து நிறுத்துங்கள். பிடிப்பைக் கூட்டும் ஸ்பிரே, தளர வேண்டிய நேரத்திலும் பிடித்துவைக்கும்.

| வழி | சுமார் செலவு | கிளட்ச் வேலை | மறைந்த செலவு | பொருந்தும் இடம் |
|---|---|---|---|---|
| கம்பெனி பெல்ட் | 20–35 டாலர் | மெஷினுக்கென்றே செய்தது | காத்திருப்பு, தபால் | நம்பர் தெரிந்த, பாகம் கிடைக்கும் மெஷின் |
| உறை போட்ட கெவ்லார் | 10–20 டாலர் | நன்று | அளவு பிசகினால் வீண் | பாகம் நின்றுபோன மெஷின், கடும் உழைப்பு |
| சாதாரண 4எல் | 7–12 டாலர் | சுமார் | நீளும், சீக்கிரம் தேயும் | அரிதாக ஓட்டுபவர், அவசரம் |
| கார் பெல்ட், கண்ணி பெல்ட் | — | ஆபத்து | காயம் | எங்கும் வேண்டாம் |
| ரிப்பேர் கடை | 80–150 டாலர் | பெல்ட்டைப் பொறுத்தது | வரிசை, ஏற்றி இறக்கல் | பேரிங், சீல், புல்லி வேலை |
| பேட்டரி எட்ஜர் | 150–300 டாலர் | பெல்ட்டே இல்லை | பேட்டரி தனி விலை | இன்ஜினும் மோசம், சின்ன மனை |

## நாமே மாற்றுவதா, கடையில் கொடுப்பதா

பேரிங் நல்ல நிலையில் இருந்தால் இது ஒரு மணி நேரத்துக்குள் முடியும் வேலை. ஒரு சாக்கெட் செட், ஒரு ஸ்பேனர், கையுறை போதும்.

பிளக் வயரைக் கழற்றுங்கள். ஏற்கெனவே கழற்றியிருந்தாலும் தானாகப் பிளக்கைத் தொடாதபடி தள்ளி இருக்கிறதா என்று மறுபடி பாருங்கள். மூடியை எடுத்ததும் போனில் ஒரு படம் எடுத்துக்கொள்ளுங்கள். பெல்ட் எந்தப் புல்லிக்கு எந்தப் பக்கம் போகிறது, புல்லியை ஒட்டி நிற்கும் கம்பிகளுக்கு உள்ளேயா வெளியேயா என்பது அதில் தெளிவாகத் தெரிய வேண்டும். அந்தக் கம்பிகளை அலட்சியப்படுத்தாதீர்கள். பெல்ட் தளரும்போது புல்லியிலிருந்து நழுவிவிடாமல் பிடிப்பவை அவைதான். புது பெல்ட்டை அவற்றுக்கு வெளியே போட்டால் முதல் நாளே கழன்று விழும்.

லீவரைத் தளர்ந்த நிலையில் வைத்துவிட்டு, பெல்ட்டை முதலில் சின்ன புல்லியில் மாட்டி, பிறகு பெரிய புல்லியின் ஓரத்தில் வைத்து, புல்லியைக் கையால் சுற்றிக்கொண்டே ஏற்றுங்கள். ஸ்க்ரூடிரைவரை விட்டு நெம்பி ஏற்றக் கூடாது. வெளியே ஒன்றும் தெரியாது, உள்ளே நூல் அறுந்திருக்கும். தேய்மானமே இல்லாமல் திடீரென்று அறும் புது பெல்ட்களில் பல இப்படிப் போனவை. கையால் ஏறவே மாட்டேன் என்றால், பெல்ட் குட்டையாக இருக்கலாம், அல்லது டென்ஷன் போல்ட்டைத் தளர்த்த வேண்டியிருக்கலாம். மெஷினைச் சாய்க்க நேர்ந்தால் ஏர் ஃபில்டர் மேல்பக்கம் இருக்கட்டும், இல்லாவிட்டால் எண்ணெய் அதற்குள் இறங்கிவிடும்.

கடையில் கொடுத்தால் கூலிதான் பெரும் செலவு. பெல்ட் வேலை சின்னது என்றாலும் பெரும்பாலும் குறைந்தபட்சக் கூலி என்று ஒன்று உண்டு. கூடவே, ஏப்ரல் முதல் ஜூன் வரை புல்வெட்டிகள் வரிசையில் நிற்கும், உங்கள் எட்ஜர் பின்னால் நிற்கும். எட்ஜரைக் காரில் ஏற்றினால் பெட்ரோல் வாடையும் எண்ணெய்க் கறையும் வேறு. அதனால் வெறும் பெல்ட்டுக்காகக் கடைக்குப் போக வேண்டாம் என்பேன்.

பேரிங் கரகரத்தாலோ, ஷாஃப்ட் வளைந்திருந்தாலோ, எண்ணெய் சீல் கசிந்தாலோ கடை சரியான இடம். பேரிங்கைப் பிடுங்கி அழுத்திப் பொருத்த அதற்கான கருவி வேண்டும். சுத்தியலால் தட்டி ஏற்றினால் புது பேரிங்கும் சீக்கிரமே கெடும். போகும்போது கூலி, பாகம், பார்த்துச் சொல்வதற்கான கட்டணம் மூன்றையும் தனித்தனியாகக் கேளுங்கள். மொத்தம் 150 டாலரைத் தாண்டினால் அடுத்த பகுதியைப் படித்துவிட்டு முடிவு செய்யுங்கள். அவசரமில்லாதவர்கள் டிசம்பர், ஜனவரியில் கொடுத்தால் கடைக்காரருக்கும் நிதானமாகப் பார்க்க நேரம் இருக்கும்.

## பெல்ட்டே வேண்டாம் என்றால்

பேட்டரி எட்ஜரில் பெல்ட் கிடையாது, கார்புரேட்டர் கிடையாது. பெட்ரோல் மெஷின் வைத்திருப்பவர்களுக்குத் தெரியும், பெல்ட்டைவிட அதிகம் தொல்லை கொடுப்பது குளிர்காலம் முழுக்க டேங்கில் கிடந்த பெட்ரோல். இங்கே பம்ப்பில் கிடைப்பதில் பெரும்பாலும் பத்து சதவீதம் எத்தனால் கலந்திருக்கும். அது ஈரத்தை இழுத்து, கார்புரேட்டருக்குள் பிசினாகப் படியும். வருடா வருடம் மார்ச்சில் கார்புரேட்டரைக் கழற்றும் வீடாக இருந்தால், பேட்டரிக்கு மாற இதுவே போதுமான காரணம்.

ஆனால் விலையைக் கவனித்துப் படியுங்கள். 150 டாலர் என்று போட்டிருப்பது பல நேரம் கருவி மட்டும். பேட்டரியும் சார்ஜரும் சேர்த்தால் 300 வரை போகும். உங்களிடம் ஏற்கெனவே ரியோபி, ஈகோ போன்ற ஏதாவது ஒரு கம்பெனியின் புல்வெட்டியோ இலை ஊதியோ இருந்து, அதே வோல்ட் பேட்டரி இதற்கும் பொருந்தினால் கணக்கு அப்படியே மாறிவிடும். அந்த வீட்டில் பழைய எட்ஜருக்குப் பேரிங் மாற்றுவது வீண் என்றே சொல்வேன்.

இன்னொன்று, இவற்றில் பெரும்பாலானவை நீளக் குழாயின் நுனியில் பிளேடு உள்ளவை. எடையை நீங்கள் தாங்க வேண்டும், கோட்டை நீங்கள் நேராகப் பிடிக்க வேண்டும். சக்கரம் வைத்த எட்ஜர் தன் எடையோடு நடைபாதையில் உட்கார்ந்து நேராகப் போகும். நீண்ட மூலை மனை, காய்ந்த களிமண், இரண்டு மாதமாக வெட்டாத செயின்ட் அகஸ்டின் என்றால் பழைய பெட்ரோல் எட்ஜருக்குத்தான் என் ஓட்டு. முதுகு வலி உள்ளவர்களுக்கும் சக்கர எட்ஜரே நல்லது.

கலிஃபோர்னியாவில் இருப்பவர்களுக்குக் கூடுதலாக ஒன்று. 2021-ல் வந்த சட்டத்தைத் தொடர்ந்து, 2024 மாடல் ஆண்டு முதல் அங்கே விற்பனைக்குத் தயாராகும் இத்தகைய சிறிய இன்ஜின் கருவிகள் புகை வெளியிடாதவையாக இருக்க வேண்டும். ஏற்கெனவே கையில் இருப்பதை ஓட்டலாம், ரிப்பேர் செய்யலாம். பழைய மெஷினைத் தூக்கிப் போட்டால் அதே மாதிரி புதியது வாங்குவது இனி எளிதல்ல என்பதை யோசித்துக்கொள்ளுங்கள்.

புல் வெட்ட ஏற்கெனவே ஆள் வருகிறார் என்றால் அவரிடம் முதலில் கேளுங்கள். பலர் ஓரம் வெட்டுவதையும் அதே தொகையில் சேர்த்துத்தான் செய்கிறார்கள்.

## புது பெல்ட் போட்ட பிறகு

மூடியை மாட்டாமல் ஓட்டிப் பார்க்க ஆசை வரும், வேண்டாம். மூடியை மாட்டி, எல்லா போல்ட்டும் இறுகிய பிறகே பிளக் வயரைச் சேருங்கள். எட்ஜரைச் சமமான சிமெண்ட் தரையில் வைத்து, பிளேடு எதையும் தொடாதபடி லீவரைத் தளர்ந்த நிலையில் வைத்து, பிளேடு பக்கம் யாரும் இல்லாதபோது ஸ்டார்ட் செய்யுங்கள். பிளேடு அசையாமல் நிற்க வேண்டும். புது பெல்ட்டில் முதல் சில நொடி லேசாக நகர்ந்து நின்றால் பயமில்லை. நிற்காமல் சுற்றிக்கொண்டே இருந்தால் உடனே அணையுங்கள். டென்ஷன் அதிகமாக இருக்கிறது, அல்லது பெல்ட் குட்டை. தளர்த்திப் பார்த்தும் மாறவில்லையென்றால் அந்த பெல்ட்டைப் பயன்படுத்தாமல் திருப்பிக் கொடுத்துவிடுங்கள்.

நின்றது என்றால் லீவரை முழுதாகத் தள்ளி, முந்தின நாள் மாலையே தண்ணீர் விட்டு இளகிய மண்ணில் ஓர் இன்ச் ஆழத்துக்கு மட்டும் பத்தடி தூரம் வெட்டுங்கள். ஒரேயடியாக ஆழமாக இறக்காதீர்கள். கூடுதல் ஆழம் வேண்டுமென்றால் இரண்டாவது முறை வாருங்கள். ரப்பர் கருகும் வாடை வந்தால் நிறுத்தி டென்ஷனைப் பாருங்கள். வாடை இல்லாமல் இழுத்தால் அந்த நடைபாதையை முடித்துவிட்டு, இன்ஜின் ஆறியபின், வயரைக் கழற்றி, மூடியைத் திறந்து ஒருமுறை பாருங்கள்: பெல்ட் புல்லி விளிம்போடு சமமாக இருக்கிறதா, புதிதாகக் கருப்புத் தூள் சேர்ந்திருக்கிறதா. பெல்ட்டின் நம்பரை மூடியின் உட்புறத்தில் மார்க்கரால் எழுதிவைத்துவிடுங்கள், அடுத்த முறை அளக்க வேண்டியிருக்காது.